லாக்கரில் வைத்த நகையைக் காணோம், வங்கி கைவிரிக்கிறது. வழக்குப் போட்டால் நிற்குமா?

மதுரைக்காரி

வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அம்மா பெயரிலும் என் பெயரிலும் கூட்டாக ஒரு லாக்கர் இருக்கிறது. பொதுத்துறை வங்கிக் கிளை, பெயர் வேண்டாம். அப்பா இருந்தபோது எடுத்தது. சொந்தத்தில் ஒரு கல்யாணம் என்று போன வாரம் நகை எடுக்கப் போனோம். உள்ளே மூன்று டப்பா இருக்க வேண்டும், இரண்டுதான் இருக்கிறது. அம்மாவின் காசுமாலையும் அட்டிகையும் வைத்திருந்த சிவப்பு வெல்வெட் டப்பாவைக் காணோம். அதற்குப் பக்கத்திலேயே, கடைக்காரர் ரோஸ் தாளில் சுற்றிக் கொடுத்த வளையல்கள் மடிப்புக் கலையாமல் இருக்கின்றன. கதவில் ஒரு கீறல் கிடையாது. எங்கள் சாவிக்கு வழக்கம்போலத் திறந்தது.

மேலாளரிடம் சொன்னோம். "சாவி உங்ககிட்ட இருக்கு. உள்ளே என்ன வச்சீங்க, எப்ப எடுத்தீங்கன்னு எங்களுக்கு எப்படிம்மா தெரியும்?" என்று கையை விரித்துவிட்டார். ஸ்டேஷனில் மனுவை வாங்கிக்கொண்டு, மனு வந்தது என்பதற்கான சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்தார்கள். எஃப்.ஐ.ஆர். போடவில்லை. "முதல்ல வீட்டுல விசாரிங்க" என்று புத்திமதி வேறு.

லாக்கரில் திருட்டுப் போனால் ஆண்டு வாடகையைப் போல நூறு மடங்கு வங்கி தர வேண்டும் என்று படித்தேன். எங்கள் வாடகை 2,000 சொச்சம். இது உண்மையா? கோர்ட்டுக்குப் போனால் நிற்குமா?

சந்தேகப்பேர்வழி

கோபித்துக்கொள்ளாதீர்கள் அக்கா. ஒரு டப்பாவை மட்டும் எடுத்துக்கொண்டு இரண்டை விட்டுவிட்டுப் போகிற திருடனைப் பற்றி எஸ்.ஐ. என்ன நினைப்பார்? வங்கி வக்கீலும் இதைத்தான் முதலில் கேட்பார். சாவி வீட்டில் யார் கைக்கெல்லாம் எட்டும்?

மதுரைக்காரி

சாவி அம்மாவின் பீரோவில், உள் லாக்கரில். எங்கள் இருவரைத் தவிர யாரும் தொடுவதில்லை. தம்பி குடும்பம் பெங்களூரில் இருக்கிறது. சரி, வீட்டிலேயே யாரோ சாவியை எடுத்தார்கள் என்றே வைத்துக்கொள்வோம். கையெழுத்து உரிமை எங்கள் இரண்டு பேருக்குத்தான். மூன்றாவது ஆள் சாவியோடு போய் நின்றால் வங்கி உள்ளே விடலாமா?

பழைய கேஷியர்

அந்தக் கடைசிக் கேள்விதான் அம்மா உங்கள் கேஸ். அதை விட்டுவிடாதீர்கள்.

நான் லாக்கர் பொறுப்பில் இருந்து ஓய்வு பெற்றவன். வெளியே இருப்பவர்களுக்குத் தெரியாத சிலதைச் சொல்கிறேன். லாக்கர் கதவுக்கு இரண்டு சாவி. முதலில் எங்கள் மாஸ்டர் சாவியைப் போட்டுத் திருப்ப வேண்டும், பிறகு உங்கள் சாவி. ஒன்று இல்லாமல் இன்னொன்று திறக்காது. பூட்டும்போது மாஸ்டர் சாவி தேவையில்லை, உங்கள் சாவி போதும். அதனால் நாங்கள் திறந்து கொடுத்துவிட்டு வெளியே வந்துவிடுவோம். அவசரத்தில் கதவை ஒட்டச் சாத்திவிட்டு, பூட்டாமலே போகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். அதற்காகத்தான் வாடிக்கையாளர் போன பிறகு கதவு சரியாகப் பூட்டியிருக்கிறதா என்று அதிகாரி பார்க்க வேண்டும், திறந்திருந்தால் உடனே மூடி வாடிக்கையாளருக்குத் தகவல் சொல்ல வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதியே இருக்கிறது. மத்தியானம் கவுண்டரில் கூட்டம் நிற்கும்போது இதை எத்தனை கிளையில் செய்கிறார்கள் என்று என்னைக் கேட்காதீர்கள்.

அடுத்தது ரிஜிஸ்டர். ஒவ்வொரு முறையும் கையெழுத்து, தேதி, உள்ளே போன நேரம், வெளியே வந்த நேரம். அந்தக் கையெழுத்தை மாதிரிக் கையெழுத்தோடு ஒத்துப் பார்த்த பிறகுதான் மாஸ்டர் சாவி பெட்டியை விட்டு வெளியே வர வேண்டும். உங்கள் லாக்கர் எண்ணுக்குக் கடைசி சில பதிவுகளைப் பாருங்கள். நீங்கள் போகாத தேதியில் ஏதாவது இருக்கிறதா? இன்னொன்று, லாக்கரைத் திறந்தால் அன்றைக்கே உங்கள் கைபேசிக்கும் மின்னஞ்சலுக்கும் தகவல் வர வேண்டும். வந்ததா?

மதுரைக்காரி

வங்கியில் கொடுத்திருந்த நம்பர் அப்பாவுடையது சார். அவர் போன பிறகு அந்த சிம்மை ரீசார்ஜ் செய்யவே இல்லை. போன வாரம் நாங்கள் திறந்ததற்கும் எந்தக் குறுஞ்செய்தியும் வரவில்லை.

பழைய கேஷியர்

அப்படியானால் குறுஞ்செய்தி போயிருக்கிறதா, எந்தத் தேதிகளில் போயிருக்கிறது என்ற பதிவு வங்கியின் கணினியில் இருக்கும். அதையும் கேளுங்கள். எல்லாவற்றையும் எழுத்தில் கேளுங்கள். நகலில் கிளை முத்திரை, தேதி, கையெழுத்து வாங்காமல் வெளியே வராதீர்கள்.

கருப்புக்கோட்டு

நுகர்வோர் ஆணையத்தில் வங்கி வழக்குகள் நடத்துகிறவன். நூறு மடங்குக் கதையை அப்புறம் பார்ப்போம். முதலில் ஒரு வழக்கைச் சொல்கிறேன், நீங்கள் எங்கே நிற்கிறீர்கள் என்பது தெரியும்.

கொல்கத்தா. அமிதாபா தாஸ்குப்தா எதிர் யுனைடெட் பேங்க் ஆஃப் இந்தியா. அவருடைய தாயார் 1950களில் எடுத்த லாக்கர், 1970ல் மகன் பெயரும் சேர்ந்தது. 1995 மே மாதம் வாடகை கட்டப் போனவரிடம், "வாடகை பாக்கிக்காக உங்கள் லாக்கரை உடைத்துவிட்டோம், வேறு ஒருவருக்கும் கொடுத்துவிட்டோம்" என்கிறார்கள். உடைத்தது 1994 செப்டம்பரில். ஆனால் அவர் பாக்கியை 1994 ஜூன் மாதமே கட்டிவிட்டார். உடைப்பதற்கு முன் நோட்டீஸ் கிடையாது. உள்ளே ஏழு நகை இருந்தது என்பது அவர் தரப்பு. 1997ல் பொருளை வாங்கப் போனபோது கொடுத்தது இரண்டு.

மாவட்ட நுகர்வோர் மன்றம் அவர் பக்கம் நின்றது. நகையைத் திருப்பிக் கொடு, இல்லையென்றால் 3 லட்சம் கொடு, அதோடு 50,000 இழப்பீடு என்று தீர்ப்பு. வங்கி மேல்முறையீடு செய்தது. மாநில ஆணையம் என்ன சொன்னது தெரியுமா? சேவைக் குறைபாடு உண்மைதான், ஆனால் உள்ளே ஏழு இருந்ததா இரண்டு இருந்ததா என்பதை நாங்கள் தீர்மானிக்க முடியாது, அதற்கு சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் வேண்டும், சிவில் கோர்ட்டுக்குப் போ என்றது. இழப்பீட்டையும் 30,000 ஆகக் குறைத்தது. தேசிய ஆணையமும் அதையே உறுதி செய்தது.

2021 பிப்ரவரி 19 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. நகை எத்தனை என்பதற்கு அங்கேயும் சிவில் கோர்ட்தான் பதில். ஆனால் லாக்கர் அறையைக் கவனமாக நிர்வகிப்பது வங்கியின் தனிக் கடமை, உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாது என்பதைக் காட்டி அந்தக் கடமையிலிருந்து நழுவ முடியாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. 5 லட்சம் இழப்பீடு, தவறு செய்த அதிகாரிகள் பணியில் இருந்தால் அவர்கள் சம்பளத்தில் பிடிக்க வேண்டும், வழக்குச் செலவுக்கு 1 லட்சம். ஆறு மாதத்துக்குள் ரிசர்வ் வங்கி விதிமுறை கொண்டுவர வேண்டும் என்றும் உத்தரவு. நீங்கள் படித்த நூறு மடங்கு அந்த விதிமுறையில்தான் வருகிறது. 2021 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கை, 2022 ஜனவரி 1 முதல் நடைமுறை.

ஆக இரண்டு கேள்வி. வங்கி கவனமாக இருந்ததா? உள்ளே என்ன இருந்தது? முதல் கேள்விக்கு ஆவணம் எல்லாம் வங்கியிடம் இருக்கிறது, பதில் சொல்ல வேண்டியதும் அவர்கள்தான். இரண்டாவது கேள்விக்கு ஆவணம் இருந்தால் உங்களிடம்தான் இருக்கும். மக்கள் இரண்டாவதை வைத்துக்கொண்டு மேலாளரிடம் சண்டை போடுகிறார்கள், அவரும் சந்தோஷமாக அதற்கு மட்டும் பதில் சொல்லி அனுப்பிவிடுகிறார். உங்களுக்கு நடந்தது அதுதான்.

கோவை மில்

நூறு மடங்கு என்பது ஏமாற்று வேலை சார். 2,000 ரூபாய் வாடகைக்கு 2 லட்சம். இன்றைக்குப் பவுன் விற்கிற விலையில் இரண்டு மூன்று பவுனுக்கு மேல் வராது. ஐம்பது பவுன் வைத்தவன் கதி? இதற்கு முன்னால் வங்கிகள் பொறுப்பே இல்லை என்றன. 2017ல் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டபோது ரிசர்வ் வங்கியும் பொதுத்துறை வங்கிகளும் அப்படித்தான் பதில் கொடுத்தன. வீட்டுக்காரன், குடித்தனக்காரன் உறவுதான் நமக்குள், உன் சாமானுக்கு நான் பொறுப்பில்லை என்று. இப்போது பொறுப்பு உண்டு என்று சொல்லி, அதற்கு ஒரு மூடி போட்டுவிட்டார்கள். யாருக்கு லாபம்?

கருப்புக்கோட்டு

மூடிதான், ஆனால் முழுசாக மூடவில்லை என்பது என் கட்சி. நெருப்பு, திருட்டு, கொள்ளை, கட்டடம் இடிவது, ஊழியர் மோசடி, இவற்றில் நஷ்டம் வந்தால் வங்கியின் பொறுப்பு ஆண்டு வாடகையைப் போல நூறு மடங்கு என்று விதி சொல்கிறது. இது வங்கிக்கு ரிசர்வ் வங்கி போட்ட கட்டளை. சிவில் கோர்ட்டில் அலட்சியத்தையும் நஷ்டத்தையும் முழுமையாக நிரூபித்தவனுக்கு அதற்கு மேல் கிடையாது என்று நீதிபதி கையைக் கட்டுமா? கட்டாது என்று நான் வாதாடுவேன். கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்திலேயே அந்த வரம்பு இருக்கிறதே என்று எதிர்த்தரப்பு சொல்லும். ஒருதலைப்பட்சமான நிபந்தனையை வாடிக்கையாளர் தலையில் கட்டக்கூடாது என்று அதே உச்ச நீதிமன்றத் தீர்ப்பில் இருக்கிறது. 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்திலும் நியாயமற்ற ஒப்பந்தம் என்று தனிப் பிரிவு உண்டு, அதற்கு மாநில ஆணையத்துக்குப் போக வேண்டும்.

கோவை மில்

வாதாடலாம், வாதாடலாம். கொல்கத்தாக்காரர் கால் நூற்றாண்டு வாதாடினார். நகை கைக்கு வந்ததா?

கருப்புக்கோட்டு

வரவில்லை. அதை மறைக்கவில்லையே நான்.

திருச்சி மலைக்கோட்டை

எங்கள் ஊரில் 2019 ஜனவரியில், சமயபுரம் டோல்கேட் பக்கம் பிச்சாண்டார்கோவிலில் ஒரு வங்கிச் சுவரில் ஓட்டை போட்டு லாக்கர்களை உடைத்தார்கள். அந்த வாரம் திருச்சியில் லாக்கர் வைத்திருந்தவன் எல்லாம் வங்கி வாசலில்தான் நின்றான். அதே வருஷம் அக்டோபரில் சத்திரம் பேருந்து நிலையம் பக்கம் நகைக்கடையில் ஓட்டை போட்ட கும்பல்தான் இதையும் செய்தது என்று பிறகு போலீஸ் சொன்னது. நவி மும்பை ஜுயிநகரில் 2017ல் பக்கத்துக் கடையை வாடகைக்கு எடுத்து சுரங்கம் தோண்டினார்கள், லக்னோவில் 2024 டிசம்பரில் 42 லாக்கரை அறுத்தார்கள்.

இந்த மாதிரி நடந்தால் யாரும் "வீட்டில் விசாரி" என்று சொல்ல மாட்டார்கள். சுவரில் ஓட்டை இருக்கிறது, போட்டோ பேப்பரில் வருகிறது. திருட்டு நடந்தது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். அக்கா கேஸில் ஓட்டை இல்லை, அதுதான் கஷ்டம்.

சந்தேகப்பேர்வழி

அதைத்தான் நானும் சொன்னேன். நூறு மடங்கு வாங்குவதற்கே முதலில் "திருட்டு" என்று நிரூபிக்க வேண்டும். வங்கி, "திருட்டே நடக்கவில்லை, அம்மாவே எடுத்து மறந்திருப்பார்" என்று சொன்னால்?

பழைய கேஷியர்

சொல்வார்கள். வயதானவர்கள் விஷயத்தில் அதுதான் முதல் பதில். அதனால்தான் ரிஜிஸ்டர், ரிஜிஸ்டர் என்று அடித்துக்கொள்கிறேன்.

ஊழியரே கைவைப்பதும் புதிதல்ல. ஜலந்தரில் ஒரு வங்கி மேலாளரே லாக்கர் பூட்டுகளில் கைவரிசை காட்டி, வழக்கு பஞ்சாப் உயர் நீதிமன்றம் வரை போய், வங்கி பொறுப்பேற்க வேண்டும் என்று தீர்ப்பானது. நேஷனல் பேங்க் ஆஃப் லாகூர் வழக்கு, 1960களில் வந்த தீர்ப்பு. எங்கள் பயிற்சி வகுப்பில் சொல்வார்கள்.

இன்னொரு பழைய ஓட்டை உண்டு. ஒருவர் லாக்கரை ஒப்படைத்துவிட்டுப் போனால், அந்தப் பூட்டை வேறு லாக்கர் பூட்டோடு மாற்றிப் போட்ட பிறகுதான் அடுத்தவருக்குக் கொடுக்க வேண்டும். மாற்றாமல் கொடுத்தால், பழைய ஆள் மாற்றுச் சாவி செய்து வைத்திருந்தால் என்ன ஆகும்? அவருக்கும் அதே கிளையில் புது லாக்கர் எடுத்து உள்ளே வர வழி இருக்கிறதே. உங்கள் லாக்கர் அப்பா காலத்துப் பழையது, அதனால் இது பொருந்தாமல் போகலாம். ஆனால் புதிதாக எடுக்கிறவர்கள் கேட்டுக்கொள்ளுங்கள்.

காவேரிக்கரை

அதே பஞ்சாப் உயர் நீதிமன்றத்தில் நேர் எதிரான தீர்ப்பும் இருக்கிறது, அதையும் சொல்லுங்கள். அதுல் மெஹ்ரா எதிர் பேங்க் ஆஃப் மகாராஷ்டிரா, 2003. ஸ்ட்ராங் ரூமிலேயே கொள்ளை. ஆனால் உள்ளே இன்ன பொருள் இருந்தது என்று வங்கிக்குத் தெரியாது, தெரியாத பொருளை ஒப்படைத்ததாக எப்படிக் கொள்வது, ஒப்பந்தச் சட்டம் 148வது பிரிவின்படி ஒப்படைப்பே (திரும்ப வாங்கிக்கொள்வதாகப் பொருளை ஒருவர் பொறுப்பில் கொடுத்து வைப்பது) இல்லை என்று முடித்துவிட்டார்கள்.

கருப்புக்கோட்டு

சரியாகச் சொன்னீர்கள். லாக்கர் என்பது ஒப்படைப்பா, இடத்தை வாடகைக்கு விடுவதா என்ற சண்டை பல உயர் நீதிமன்றங்களில் இழுத்துக்கொண்டிருந்தது. 2021 தீர்ப்பின் பயனே, அந்தச் சண்டை எப்படி முடிந்தாலும் கவனக்குறைவுக்கு வங்கி தனியாகப் பதில் சொல்ல வேண்டும் என்று பிரித்துவிட்டதுதான்.

ஒன்று கவனியுங்கள். அடகுக் கடனுக்கு வைத்த நகை என்றால் இந்தப் பேச்சே இல்லை. எடை போட்டு, மதிப்பீட்டாளர் எழுதி, ரசீது கொடுத்து வாங்கிக்கொள்கிறார்கள். காணாமல் போனால் எத்தனை கிராம் என்று வங்கியின் கையெழுத்திலேயே இருக்கிறது.

கரூர் மாமி

எங்கள் வீட்டில் அதனால்தான் லாக்கரே வைத்துக்கொள்வதில்லை. ஊருக்குப் போகும்போது நகையைக் கொண்டுபோய் அடகு வைத்து, கொஞ்சமாகக் கடன் வாங்கிக்கொள்வோம். வட்டி கட்டுகிறோம், லாக்கர் வாடகை என்று நினைத்துக்கொள்கிறோம். அம்மா காலத்திலிருந்து இப்படித்தான். பேரன் சிரிக்கிறான், சிரிக்கட்டும்.

கோவை மில்

மாமி, அருமை. ஆனால் ஐம்பது பவுனுக்கு ஐயாயிரம் கடன் கேட்டால் மேலாளர் முகத்தைப் பார்க்க வேண்டும்.

கரூர் மாமி

பார்த்திருக்கிறேன். கொடுத்துத்தான் ஆக வேண்டும் என்று உட்கார்ந்துகொள்வேன்.

சென்னைவாசி

இடையில் ஒரு சந்தேகம். 2015 மாதிரி வெள்ளம் வந்து லாக்கர் அறைக்குள் தண்ணீர் புகுந்தால்? அப்புறம் டெபாசிட்டுக்கு 5 லட்சம் வரை காப்பீடு என்கிறார்களே, அது லாக்கருக்கும் உண்டா?

பழைய கேஷியர்

இரண்டுக்கும் இல்லை. நிலநடுக்கம், வெள்ளம், இடி மின்னல் எல்லாம் இயற்கைச் சீற்றம், வங்கி பொறுப்பில்லை. ஆனால் அதிலிருந்து இடத்தைப் பாதுகாக்கத் தகுந்த ஏற்பாடு செய்திருக்க வேண்டும் என்றும் அதே விதியில் இருக்கிறது, தாழ்வான இடத்தில் தரைத்தளத்தில் லாக்கர் வைத்தவர்கள் அதற்குப் பதில் சொல்ல வேண்டி வரலாம். 5 லட்சம் டெபாசிட்டுக்கு மட்டும். லாக்கருக்குள் இருக்கிற பொருளுக்கு வங்கி காப்பீடு செய்யாது. காப்பீடு விற்கவும் கூடாது, நேரடியாகவும் சரி, சுற்றி வளைத்தும் சரி. வேண்டுமானால் நீங்களே தனியாக வீட்டுக் காப்பீட்டோடு லாக்கர் நகையையும் சேர்க்கிற பாலிசி எடுக்கலாம். அதற்கும் மதிப்பீட்டுச் சான்று கேட்பார்கள்.

ரொக்கம் வைப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. ஒப்பந்தப்படி லாக்கரில் பணம் வைக்கவே கூடாது. 2023ல் மொராதாபாத்தில் மகள் கல்யாணத்துக்கு ஒரு அம்மா வைத்திருந்த 18 லட்சத்தைக் கரையான் தின்றது எல்லோரும் படித்ததுதான்.

காவேரிக்கரை

நகை இருந்தது என்று எதை வைத்து நிரூபிப்பது? அதைச் சொல்லுங்கள். பில் யாரிடம் இருக்கிறது? எங்கள் அம்மாவின் நகை பாட்டி போட்டது, பாட்டிக்கு அவர் அம்மா போட்டது.

கருப்புக்கோட்டு

முன்பெல்லாம் செல்வ வரிக் கணக்கு ஒரு நல்ல சாட்சி. அந்த வரியையே 2015ல் எடுத்துவிட்டார்கள். இப்போது இருப்பதைத் தேட வேண்டும். கல்யாண ஆல்பம், வீடியோ. நகையை அழித்துச் செய்திருந்தால் கடைச் சீட்டு. எப்போதாவது அடகு வைத்திருந்தால் அந்த ரசீது தங்கமான ஆதாரம், எடையோடு இருக்கும். பாகப்பிரிவினைப் பத்திரம், உயிலில் பெயர். கூட லாக்கருக்குப் போய்வந்த சொந்தக்காரரின் சாட்சியம். ஒவ்வொன்றும் தனியாக நிற்காது, சேர்ந்தால் ஒரு நீதிபதி நம்பலாம். அப்போதும் "இருந்தது" என்றுதான் நிரூபணம் ஆகும், "லாக்கருக்குள் இருந்தது" என்று ஆகாது. பத்து வருஷத்துக்கு முந்தைய ஆல்பத்தில் கழுத்தில் கிடந்த காசுமாலை போன ஆண்டு லாக்கரில் இருந்தது என்று யார் சொல்வது? அதனால்தான் இந்த வழக்குகள் வழுக்குகின்றன.

சந்தேகப்பேர்வழி

இதில் வருமான வரிக்காரர் வந்து "இத்தனை பவுனுக்குக் கணக்கு எங்கே" என்று கேட்டால்? அந்தப் பயத்திலேயே பாதிப் பேர் புகார் கொடுப்பதில்லை.

கருப்புக்கோட்டு

பொதுவாகப் பயப்பட வேண்டாம். மத்திய நேரடி வரிகள் வாரியத்தின் 1994 மே மாத அறிவுறுத்தல் இருக்கிறது. சோதனைக்கு வந்தாலும் மணமான பெண்ணுக்கு 500 கிராம், மணமாகாத பெண்ணுக்கு 250 கிராம், ஆணுக்கு 100 கிராம் வரை பறிமுதல் செய்ய வேண்டாம் என்று. புகாரில் எடையைக் கூட்டிச் சொல்கிறவர்கள்தான் பயப்பட வேண்டும். குறுக்கு விசாரணையில் ஒரு வளையல் கூடுதலாக வந்தாலும் மொத்தக் கதையும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.

மதுரைக்காரி

அம்மாவின் காசுமாலையை ஒருமுறை அப்பா அடகு வைத்திருக்கிறார்! தம்பி காலேஜ் அட்மிஷனுக்கு. கூட்டுறவு வங்கி ரசீது இரும்புப் பெட்டியில் இருந்தது, எடுத்துவிட்டேன். எடை எழுதியிருக்கிறது.

இன்று கிளைக்குப் போய் ரிஜிஸ்டரைக் காட்டச் சொன்னேன். முதலில் முடியாது என்றார்கள். எழுத்தில் கொடுத்த பிறகு ஒரு அதிகாரி காட்டினார், நகல் தரவில்லை. எங்கள் எண்ணுக்குப் பொங்கலுக்கு முன் நாங்கள் போனது இருக்கிறது. அதன் பிறகு ஆனி மாதத்தில் ஒரு பதிவு. அம்மாவின் இனிஷியல் மாதிரி ஒரு கிறுக்கல். உள்ளே போன நேரம் இருக்கிறது, வெளியே வந்த நேரம் எழுதவில்லை. அம்மா முழுக் கையெழுத்துத்தான் போடுவார், தமிழில். ஆனி மாதத்தில் நாங்கள் போகவே இல்லை.

பழைய கேஷியர்

அம்மா, இப்போது எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஒரே காரியம் செய்யுங்கள். ஸ்ட்ராங் ரூம் வாசல், பொது இடம் இவற்றின் கேமரா பதிவை வங்கி குறைந்தது 180 நாள் வைத்திருக்க வேண்டும். ஆனி மாதம் என்றால் இன்னும் இருக்கும், ஆனால் நாள் ஓடுகிறது. எனக்குத் தெரியாமல் லாக்கர் திறக்கப்பட்டது, திருட்டு நடந்திருக்கிறது என்று நீங்கள் எழுத்தில் புகார் கொடுத்துவிட்டால், போலீஸ் விசாரணை முடிந்து தகராறு தீரும் வரை அந்தப் பதிவை அவர்கள் அழிக்கவே கூடாது. பதிவை உங்களிடம் காட்ட மாட்டார்கள், மற்ற வாடிக்கையாளர்களும் அதில் இருப்பார்கள் என்பார்கள். பரவாயில்லை. பாதுகாத்து வை என்ற கடிதம்தான் முக்கியம். தேதியைக் குறிப்பிட்டு எழுதுங்கள். கிளைக்கு ஒன்று, மண்டல அலுவலகத்துக்கு ஒன்று, பதிவுத் தபாலில்.

கருப்புக்கோட்டு

வழிமொழிகிறேன். கூடவே சில காரியங்கள். அந்த ரிஜிஸ்டர் பக்கத்தின் நகல், குறுஞ்செய்திப் பதிவு இரண்டையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், பொதுத்துறை வங்கி என்பதால் முடியும். லாக்கர் ஒப்பந்தத்தைத் தேடி எடுங்கள். 2023 இறுதிக்குள் பழைய வாடிக்கையாளர் எல்லோரோடும் புது ஒப்பந்தம் போட வேண்டும் என்று கெடு இருந்தது, உங்களிடமும் கையெழுத்து வாங்கியிருப்பார்கள். ஒரு பிரதி உங்களுக்குத் தந்திருக்க வேண்டும்.

ஸ்டேஷனுக்கு இந்த ஆனி மாதப் பதிவோடு இரண்டாவது மனு கொடுங்கள். இப்போது நீங்கள் சொல்வது "நகை காணோம்" என்று அல்ல, "என் தாயார் பெயரில் வேறு யாரோ கையெழுத்துப் போட்டு லாக்கரைத் திறந்திருக்கிறார்கள்" என்று. அது கைது செய்யக்கூடிய குற்றம், எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும். போடாவிட்டால் எஸ்.பி.க்கோ கமிஷனருக்கோ தபால், அதற்கும் பதில் இல்லை என்றால் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனு. ஊழியர் சம்பந்தப்பட்டது என்று தெரிந்தால் நம்பிக்கை மோசடி வரும், வங்கி ஊழியர் என்றால் அதற்குத் தண்டனை அதிகம்.

கோவை மில்

ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர், அந்த ஒம்புட்ஸ்மேனுக்குப் போகலாமே? செலவில்லை.

கருப்புக்கோட்டு

போகலாம். வங்கிக்குப் புகார் கொடுத்து 30 நாள் காத்திருந்த பிறகுதான். குறுஞ்செய்தி அனுப்பவில்லை, ரிஜிஸ்டர் சரியில்லை, பதிவைத் தரவில்லை மாதிரி விஷயங்களுக்குப் பயன்படும். கையெழுத்து போலியா என்பதை அங்கே ஆராய மாட்டார்கள்.

நுகர்வோர் ஆணையத்தில் பலருக்குத் தெரியாத ஒரு வசதி. பழைய சட்டத்தில் கேட்கிற இழப்பீட்டை வைத்து எந்த மன்றம் என்று முடிவாகும். 2019 சட்டத்தில் நீங்கள் கொடுத்த கட்டணத்தை வைத்து. லாக்கர் வாடகை சில ஆயிரம்தானே, அதனால் போன நகை எத்தனை லட்சமாக இருந்தாலும் மாவட்ட ஆணையத்திலேயே போடலாம், கட்டணமும் கிடையாது. குடியிருக்கிற ஊரிலேயே போடலாம். இரண்டு வருஷத்துக்குள் போட வேண்டும். அங்கே நகை மதிப்பு கிடைக்கும் என்று நம்பிப் போகாதீர்கள், வங்கியின் அலட்சியத்துக்கு ஒரு தீர்ப்பு வாங்கப் போங்கள். நகை மதிப்புக்கு சிவில் வழக்கு என்றால் தமிழ்நாட்டில் கோர்ட் கட்டணம் கேட்கிற தொகையில் 3 சதவீதம், மூன்று வருஷக் கெடு.

சந்தேகப்பேர்வழி

அக்கா, நான் முதலில் கேட்டதை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். ஆனால் இப்போதும் கேட்கிறேன். அந்த ஆனி மாத ஆள் சாவி இல்லாமல் எப்படித் திறந்தார்? மாஸ்டர் சாவி வங்கியுடையது, இன்னொன்று?

மதுரைக்காரி

அதுதான் தூங்க விடாமல் செய்கிறது. சாவி பீரோவில்தான் இருந்தது. வீட்டுக்கு வெள்ளையடித்தபோது பீரோவை நகர்த்தினார்கள், அது சித்திரையில். அதற்கு மேல் யோசிக்கவே பயமாக இருக்கிறது. சொந்தக்காரர்கள் பெயரெல்லாம் வந்து போகிறது.

பழைய கேஷியர்

யோசிக்க வேண்டாம். யார் என்று கண்டுபிடிப்பது போலீஸ் வேலை. அந்த ஆள் உங்கள் வீட்டு ஆளாகவே இருந்தாலும், மாதிரிக் கையெழுத்தோடு ஒத்துப் பார்க்காமல் மாஸ்டர் சாவியைத் திருப்பியவர் கிளையில் ஒருவர் இருக்கிறார். வெளியே வந்த நேரத்தை எழுதாதவரும் அவர்தான்.

காவேரிக்கரை

மீதி இரண்டு டப்பா இன்னும் அங்கேயே இருக்கிறதா? எடுத்துவிட வேண்டியதுதானே?

கருப்புக்கோட்டு

எடுக்கலாம், ஆனால் சும்மா அள்ளிக்கொண்டு வராதீர்கள். பூட்டை போலீஸ் பார்க்க வேண்டியிருக்கும். பூட்டில் கள்ளச்சாவி போட்ட அடையாளம் இருக்கிறதா என்று தடய அறிவியல் ஆட்கள் சொல்ல முடியும். எஃப்.ஐ.ஆர். ஆகட்டும், அவர்கள் முன்னிலையில் பட்டியல் போட்டு எடுங்கள். அதுவரை லாக்கரை இயக்க வேண்டாம் என்று கிளைக்குக் கடிதம் கொடுங்கள், உங்கள் கைபேசி எண்ணை உடனே பதிவு செய்யுங்கள்.

மதுரைக்காரி

கேமரா பதிவுக்கான கடிதம் கொடுத்து முத்திரை வாங்கிவிட்டேன். மண்டல அலுவலகத்துக்கும் தபால் போய்விட்டது. மேலாளர் இந்த முறை உட்காரச் சொல்லி டீ வரவழைத்தார். கைபேசி எண்ணும் மாற்றியாகிவிட்டது. நாளை தம்பி வருகிறான், அவனோடு ஸ்டேஷனுக்குப் போகிறேன். ரிஜிஸ்டர் பக்கத்தின் நகல் கிடைத்ததும் எண்ணையும் பெயரையும் மறைத்துவிட்டு இங்கே போடுகிறேன், அந்தக் கையெழுத்தை நீங்களே பாருங்கள்.

கருப்புக்கோட்டு

போடாதீர்கள். அது வழக்கின் ஆவணம். நேராக உங்கள் வக்கீலிடம் கொடுங்கள். அம்மா முன்பு போட்ட கையெழுத்துள்ள பழைய காசோலைகள், பென்ஷன் படிவம் ஏதாவது இருந்தால் அதையும் சேர்த்து வையுங்கள், ஒப்பிட்டுப் பார்க்கத் தேவைப்படும்.